குரைப்பைத் தேடி இறங்கி வந்த நாய்

ஆற்றுக்கும் ரயில்பாதைக்கும் நடுவே வேம்படித்துறை என்று ஓர் ஊர் இருந்தது, அந்த ஊரின் சந்தைத் திடலில் ஒரு சினிமாக் கூடாரம் இருந்தது, கூடாரத்தில் பேசத் தெரியாத படங்கள் ஓடின, அந்தப் படங்களுக்கெல்லாம் பேசிக்கொடுக்க ஓர் ஆள் இருந்தார், அவரோடு பேசத்தான் யாரும் இல்லை.

அவர் பெயர் பக்கிரிசாமி. திரைத்துணிக்கு இடது பக்கம், மணலில் நட்ட மூங்கில் கம்பை ஒட்டிக் கையில் பிரம்போடு நின்று விளக்கம் சொல்வது அவர் வேலை. படத்தில் ஆண் வாயசைத்தால் அவர் பேசுவார், பெண் அழுதால் அவர் அழுவார், குதிரை ஓடினால் நாக்கை மேலண்ணத்தில் தட்டிக் குளம்புச் சத்தம் எழுப்புவார், நடுநடுவே இங்கிலீஷ் எழுத்து வந்து நின்றால், எழுத்தே தெரியாதவர் என்பதால், அந்த நேரத்தில் தமக்கு எது நியாயம் என்று படுகிறதோ அதைச் சொல்லிவிடுவார். அதனால் வேம்படித்துறை ஜனங்களுக்குத் தெரிந்த வெள்ளைக்காரர்கள் எல்லோரும் சீர்வரிசைக்காகச் சண்டை போட்டார்கள், அமாவாசைக்கு விரதம் இருந்தார்கள், ஒருமுறை அவமானப்பட்ட வீட்டுப் பக்கம் சாகிறவரை தலைவைத்துப் படுக்கமாட்டார்கள்.

அந்தப் பங்குனியில் ரயிலில் வந்த தகரப் பெட்டிக்குள் பெரிய படத்தோடு ஒரு துண்டுப் படமும் சுருண்டு கிடந்தது. ஒரு தோட்டம், தோட்டத்தில் முதுகோடு முதுகு ஒட்டின இரட்டை பெஞ்சு, ஒரு பக்கம் தொப்பி போட்ட ஒல்லி வாலிபன், மறுபக்கம் குடை பிடித்த பெண், இவன் இருப்பது அவளுக்குத் தெரியாது, அவள் இருப்பது இவனுக்குத் தெரியாது. அப்போது ஒற்றைக் காது மட்டும் கறுத்த வெள்ளை நாய் ஒன்று ஓடிவந்து, நின்று குரைத்து, வாலிபனின் பூட்சைக் கழற்றிக்கொண்டு தோட்டத்தைச் சுற்றி, பெண்ணின் மடியில் கொண்டுபோய்ப் போடும். வாலிபன் ஒற்றைக் காலில் நொண்டிக்கொண்டு வருவான், பெண் சிரிப்பாள், இருவரும் கை கோத்துப் போக, நடுவில் நாய் போகும். அவ்வளவுதான் கதை. அதற்கே ஜனங்கள் மணலில் புரண்டார்கள். கூடாரத்து முதலாளி சவரிமுத்து மெஷினைத் தாமே கையால் சுற்றுகிறவர், அவருக்குச் சிரிப்பு வந்தால் சுற்றுகிற கை வேகமாகும், கை வேகமானால் நாய் இன்னும் வேகமாக ஓடும்.

பக்கிரிசாமிக்கு மட்டும் சிரிப்பு வரவில்லை. நாய்க்கான குரைப்பை அவர்தான் குரைத்தார், நன்றாகவே குரைத்தார். ஆனால் பூட்ஸ் களவு போகிற இடத்தில், ஆண்களையும் பெண்களையும் பிரிக்கிற கீற்றுத் தட்டிக்கு அப்பாலிருந்து, வெண்கலச் சொம்பு படியில் உருண்டு இறங்குவதுபோல ஒரு சிரிப்பு வந்தது. அந்தச் சிரிப்பு யாருடையது என்று அவருக்குத் தெரியும். இருபது வருஷத்துக்கு மேலாக அவர் காதில் உருண்டுகொண்டிருக்கிற சொம்பு அது.

வாலிபத்தில் அவர் வடக்குத் தெருவுக்குப் பெண் பார்க்கப் போனார். கும்பகோணத்தில் வாங்கின புதுச் செருப்பை வாசலில் கழற்றிவிட்டு உள்ளே போய், பெண்ணைப் பார்த்து, பிடித்துப்போய், பிடித்ததை முகத்தில் காட்டாமல் வெளியே வந்தபோது இடது காலுக்கான செருப்பை அந்த வீட்டு நாய் தூக்கிக்கொண்டு ஓடிவிட்டிருந்தது. கூட வந்த பெரியவர்கள் நாயைத் துரத்தினார்கள். ஜன்னலுக்குப் பின்னால் நின்ற பெண் வாய்விட்டுச் சிரித்தாள். தெருவே திரும்பிப் பார்த்தது. பக்கிரிசாமி மிச்சமிருந்த வலது செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு, கொதிக்கிற மணலில் வெறுங்காலோடு நடந்து வீட்டுக்கு வந்து, அதைச் சுவரில் ஓர் ஆணி அடித்து மாட்டினார். அதற்குப் பிறகு அவர் செருப்பும் போடவில்லை, கல்யாணமும் செய்துகொள்ளவில்லை. மாப்பிள்ளையைப் பார்த்துச் சிரித்தவள் என்று பேர் விழுந்ததால் அந்தப் பெண் தையல்நாயகிக்கும் வேறு மாப்பிள்ளை வரவில்லை. அண்ணன் குடும்பம் மலாய்க்குக் கப்பலேறிய பிறகு அவள் அதே வீட்டில் தனியாக இருந்து அப்பளம் இட்டாள். ஊர்க்காரர்கள் அப்பளத்தைக் கடையில் வாங்கிக்கொண்டார்களே தவிர அவள் வாசற்படி ஏறவில்லை.

ஆகவே ஒரு நாள் சாயங்காலம், நாய் ஓடிவந்து வழக்கமான இடத்தில் நின்று வாயைத் திறந்தபோது, பக்கிரிசாமி தம் வாயை மூடிக்கொண்டார்.

நாய் மறுபடி வாயைத் திறந்தது. சத்தம் வரவில்லை. தலையைச் சாய்த்து யோசித்தது. பிறகு அவர் நிற்கிற மூலையைத் திரும்பிப் பார்த்து, வாலிபனையும் பூட்சையும் அப்படியே விட்டுவிட்டு, துணியின் கீழ் விளிம்புக்கு நடந்து வந்து, குளத்துப் படியில் இறங்குகிற மாதிரி முன்னங்காலால் ஆழம் பார்த்து, மணலில் குதித்தது. முன்வரிசைக்காரர்கள் கொஞ்சம் நகர்ந்து வழிவிட்டார்கள். ஆட்டம் முடிந்து பக்கிரிசாமி வீட்டுக்கு நடந்தபோது அது பின்னாலேயே நடந்தது. காலடிச் சத்தம் இல்லாததால், வீட்டுக் கதவைச் சாத்தத் திரும்பின பிறகுதான் அவர் அதைப் பார்த்தார்.

"என்ன வேணும்?" என்று கேட்டார்.

நாய் வாயைத் திறந்து காட்டியது.

"தரமாட்டேன்," என்றார்.

சரி என்பதுபோல அது சுருண்டு படுத்துக்கொண்டது.

வேம்படித்துறை அந்த நாய்க்குப் பழகிக்கொள்ள ஒரு சந்தைக்கும் அடுத்த சந்தைக்கும் நடுவில் உள்ள நாள்கூட ஆகவில்லை. உச்சி வெயிலிலும் அது கறுப்பு வெள்ளையாகவே இருந்தது. முதலாளியின் கை வேகத்துக்குப் பழகினது என்பதால் நடக்கவே தெரியாமல் வெட்டி வெட்டி ஓடியது. படச்சுருளில் விழுந்த கீறல்களெல்லாம் அதன் மேல் மெல்லிய மழையாகப் பெய்துகொண்டே இருந்ததால், அது ஆற்றங்கரைப் பக்கம் போனபோதெல்லாம் வண்ணார்கள் உலர்த்தின துணியை அவசரமாகச் சுருட்டினார்கள், பிறகு நாயென்று தெரிந்து மறுபடி விரித்தார்கள். தெரு நாய்கள் கூட்டமாக வந்து குரைத்தன, இது பதிலுக்குச் சத்தமில்லாமல் வாயைத் திறந்து காட்டியது, ஊமையோடு சண்டை போட்டுவிட்ட கூச்சத்தில் அவை வேறு பக்கம் பார்த்துக்கொண்டு கலைந்தன. சோறு வைத்தால் தொடாது. விளக்கு வெளிச்சம் தரையில் எங்கே விழுகிறதோ அங்கே போய் அந்த வெளிச்சத்தை நக்கும்.

ஒண்டிக்கட்டைக்கு விளக்கு எதற்கு என்று இருட்டிலேயே தின்று இருட்டிலேயே படுத்த பக்கிரிசாமி, இப்போது மண்ணெண்ணெய் வாங்கி வந்து பொழுது சாய்ந்ததும் விளக்கேற்றினார். நாய் நக்கி முடிக்கிறவரை திரியைத் தூண்டிவிட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கூடாரத்தில் ஊரார் பேச்சையெல்லாம் பேசுகிற அந்த வாய், வீட்டில் முதல்தடவையாகச் சொந்தப் பேச்சு பேசியது. இன்றைக்கு ரசத்தில் உப்பு கூடிவிட்டது என்றார். முழங்கால் வலிக்கிறது என்றார். நாய் கறுத்த காதைத் தூக்கிக் கேட்டது.

ஆனால் தொழிலை அது மறக்கவில்லை. ஒவ்வொரு நாளும் விடிவதற்குள் ஊரில் யாருடைய செருப்பிலாவது ஒற்றையைத் தூக்கிக்கொண்டு போய், சிரிப்பு வந்த திசை அதற்குத் தெரிந்திருந்ததால், வடக்குத் தெருவில் தையல்நாயகியின் வாசலில் போட்டது. இத்தனை வருஷம் அவள் படியை மிதிக்காதவர்கள் எல்லாம் ஒற்றைக் காலில் செருப்போடு வரிசையாக வந்து நின்றார்கள்.

"தையல்நாயகி, என்னுது இங்க வந்துச்சா?"

"வார் அறுந்து சணல் கட்டினதா? அந்தா, வாத்தியாரு செருப்புக்கு அடியில."

"அது வாத்தியாருதுன்னு எப்படிச் சொல்றே?"

"சாக்பீசு ஒட்டியிருக்கு பாரு. வந்தது வந்தீங்க, மோர் குடிச்சிட்டுப் போறது."

வெட்கத்தோடு குடித்தார்கள். பெண்களும் தங்கள் வீட்டு ஆம்பிளைகளின் செருப்பைத் தேடி வந்து, வந்த இடத்தில் உட்கார்ந்து, அப்பளம் இட உதவி செய்து, பொழுது சாயத்தான் எழுந்துபோனார்கள். பக்கிரிசாமி மட்டும் வரவில்லை. அவரிடம் களவு போகச் செருப்பு ஏது.

கூடாரத்தில் நிலைமை வேறாக இருந்தது. நாய் இறங்கிவிட்ட தோட்டத்தில் அந்த வாலிபனும் பெண்ணும் முதுகோடு முதுகாக உட்கார்ந்தே இருந்தார்கள். அவன் கடிகாரம் பார்ப்பான். அவள் குடையை மாற்றிப் பிடிப்பாள். சுருள் தீர்ந்துவிடும். கூட்டம் குறையும் என்று சவரிமுத்து பயந்தார், கூட்டம் இரண்டு பங்கானது. இன்றைக்காவது இவன் திரும்புவானா என்று பார்க்கவே அண்டை ஊர்களிலிருந்து வண்டி கட்டி வந்தார்கள். "அம்மாடி, பின்னால பாரும்மா!" என்று கத்தினார்கள். கல்யாணத்துக்குப் பெண் வைத்திருந்தவர்கள் திரைத்துணிக்கு முன்னால் தேங்காய் உடைத்தார்கள், சிலர் தட்டில் வெற்றிலை பாக்கு வைத்து அந்தப் பெண்ணின் காலுக்கு நேரே வைத்துவிட்டு வந்தார்கள். ஒன்றும் நடக்கவில்லை. அதைவிடக் கெடுதலாக, ஊரில் பெண் பார்க்க வந்த மாப்பிள்ளைகளும் அப்படியே உட்கார ஆரம்பித்தார்கள்.

உப்புக்கடை ராசாயி, சவரிமுத்துவைக் கூட்டிக்கொண்டு பக்கிரிசாமி வீட்டுக்கே வந்துவிட்டாள்.

"அண்ணே, நேத்து என் மவளைப் பாக்க வந்தாங்க. மாப்பிள்ளை தெக்க பாக்குறாரு, இவ வடக்க பாக்குறா. காப்பி ஆறி ஆடை கட்டிப்போச்சு. பலகாரத்தை மட்டும் தின்னுட்டு எழுந்து போயிட்டாங்க. எல்லாம் உங்க துணியில குந்தியிருக்கற அந்த ரெண்டு பேரால!"

"அதுக்கு நான் என்ன பண்றது?"

"ஒரே ஒரு தடவை குரைச்சு விடுங்கண்ணே. அது பாட்டுக்குத் துணியில ஏறிடும். உங்க தொண்டையா வத்திடும்?"

"நான் விளக்கம் சொல்றவன். நாய் வேலைக்கு ஆள் வேணும்னா தெருவுல தேடிக்கிங்க."

"போன வாரம் வரைக்கும் குரைச்சீங்களே!"

"போன வாரம் வரைக்கும் மடையனா இருந்தேன்."

சவரிமுத்து விளக்கடியில் படுத்திருந்த நாயைப் பார்த்தார். பிறகு தாழ்ந்த குரலில் சொன்னார்: "பக்கிரி அண்ணே, வெள்ளிக்கிழமை காலையில பெட்டி ரயிலேறணும். நாய் இல்லாமப் பெட்டி போச்சுன்னா அந்த ரெண்டும் எந்த ஊர்லயும் சேராது. உலகம் உள்ளமட்டும் அப்படியே குந்தியிருக்கும். யோசிச்சுக்கிங்க."

அவர்கள் போன பிறகு பக்கிரிசாமி யோசித்தார். கோபத்தில்தான் குரைப்பைத் தராமல் வைத்திருக்கிறோம் என்று இதுவரை அவரே நினைத்திருந்தார். இப்போது கோபத்தைத் தேடினால் அது இருக்கிற இடத்தில் நாய் படுத்திருந்தது. குரைப்பைக் கொடுத்தால் அது ஏறிப் போய்விடும். பெட்டி போய்விட்டால் இங்கேயே இருந்துவிடும். யாரோ முன்பின் தெரியாத வெள்ளைக்காரப் பிள்ளைகள் சேர்ந்தால் என்ன, சேராவிட்டால் என்ன, நமக்கு யார் சேர்த்துவைத்தார்கள் என்று திரியைத் தூண்டினார்.

வியாழக்கிழமை காலையில் கண் விழித்தபோது ஆணி வெறுமையாக இருந்தது. சுவரில் செருப்பு தொங்கின இடத்தில் செருப்பு வடிவத்துக்கு வெளுத்த தடம் மட்டும் இருந்தது.

நாய் ஒன்றும் தெரியாததுபோல வாசலில் உட்கார்ந்து வெயிலை நக்கிக்கொண்டிருந்தது.

அவர் சட்டையைப் போட்டார், கழற்றினார், மறுபடி போட்டார். வடக்குத் தெருவில் வெறுங்காலோடு நடந்து அந்த வாசலில் நின்றபோது தையல்நாயகி அப்பளத்தை வெயிலில் பரப்பிக்கொண்டிருந்தாள். தலையில் நரை ஓடியிருந்தது. நிமிர்ந்து, நேற்றுப் போய்விட்டு இன்று வந்தவரைக் கூப்பிடுகிறதுபோல, "வாங்க," என்றாள்.

பக்கிரிசாமி வாசற்படியைப் பார்த்துச் சொன்னார்: "செருப்பு ஒண்ணு வந்திருக்கும். வலது."

"வந்துச்சு."

அதை எடுத்துவைத்தாள். பிறகு உள்ளே போய், பழம்புடவைத் துணியில் சுற்றின ஒன்றைக் கொண்டுவந்து பிரித்து அதன் பக்கத்தில் வைத்தாள். இடது செருப்பு. எண்ணெய் மினுக்கோடு, நேற்று வாங்கினதுபோல இருந்தது. வலது செருப்புதான் தூசியில் வெடித்துச் சருகாகியிருந்தது.

"இது எப்படி..."

"எங்க வீட்டு நாய் எதைத் தூக்கினாலும் வைக்கோல் போருக்கு அடியிலதான் ஒளிக்கும். மறுநாளே எடுத்துட்டேன். கேட்டு ஆள் வரும்னு அண்ணன் சொன்னாரு. தோல் வெடிச்சிடக் கூடாதுன்னு ஆமணக்கெண்ணெய் போட்டுப் போட்டு வச்சேன்."

"கேட்டு வர்ற மாதிரியா சிரிச்சே?" இத்தனை வருஷமாக உள்ளே உட்கார்ந்திருந்த பேச்சு அவரைக் கேட்காமலே எழுந்து வந்துவிட்டது. "தெருவே கேக்கச் சிரிச்சியே!"

"சிரிச்சேன்தான்." அவள் அப்பளம் ஒன்றைத் திருப்பிப் போட்டாள். "ஒத்தைச் செருப்போட இந்த ஆளு எங்க போயிடப் போறாரு, இனிமே இங்கதானே இருந்தாகணும்னு தோணுச்சு. அந்தச் சந்தோஷம் தாங்காமச் சிரிச்சேன். நீங்க அதைக் கையில எடுத்துக்கிட்டு வெறுங்காலோட போவீங்கன்னு எனக்கென்ன தெரியும்."

தெருவில் ஒரு வண்டி போனது. அது திரும்பி மறைகிறவரை இருவரும் அதையே பார்த்தார்கள். பக்கிரிசாமி இடது காலைத் தூக்கி அந்தச் செருப்புக்குள் நுழைத்தார். நுழையவில்லை. வெறுங்காலாக நடந்து நடந்து பாதம் அகன்று, விரல்கள் விசிறிபோல விரிந்திருந்தன. இன்னொரு முறை தள்ளிப் பார்த்தார். அவள் சிரிக்கவில்லை.

"கால் அகண்டு போச்சு," என்றார்.

"இத்தனை நாள் நடந்தா அகலாதா."

"சேராத செருப்பைக் கொண்டுபோய் என்ன பண்றது. இங்கயே கிடக்கட்டும்."

அவர் குனிந்து இரண்டையும் எடுத்து, உள்ளே போயிருக்கிற ஆள் கழற்றிவிட்டுப் போனதுபோல, கதவைப் பார்த்தாற்போல் படியோரம் ஜோடியாக வைத்தார். தெருமுனை வரை போனவர் திரும்பி, கொஞ்சம் உரக்கவே கேட்டார்.

"இன்னிக்குத்தான் கடைசி ஆட்டம். வருவியா?"

"நாய் இல்லாத படத்துல சிரிக்க என்ன இருக்கு?" என்றாள்.

அன்று சாயங்காலம் கூடாரம் கொள்ளவில்லை. வெளியே புளியமரத்தில்கூட ஆள். பக்கிரிசாமி மூங்கில் கம்பை ஒட்டி நின்றார், நாய் அவர் காலை ஒட்டி நின்றது. தோட்டம் வந்தது, பெஞ்சு வந்தது, அவன் கடிகாரம் பார்த்தான், அவள் குடையை மாற்றினாள். பக்கிரிசாமி குனிந்து நாயின் தலையைத் தடவினார். மயிர் மாதிரி இல்லை, சாயங்காலம் வரை வெயிலில் காய்ந்த வேட்டியைத் தொடுகிற மாதிரி இருந்தது. அது அண்ணாந்து பார்த்து, முதல்நாள் போலவே வாயைத் திறந்து காட்டியது.

"போய்ட்டு வா," என்று சொல்ல நினைத்தார். வரப்போவதில்லை என்பதால் சொல்லவில்லை.

குரைத்தார். எப்போதும் கூட்டத்துக்காகக் குரைக்கிற குரைப்பு இல்லை அது. கொதிக்கிற மணலில் நடந்த கோபமும், இருட்டில் தின்ற சோறும், ரசத்தில் உப்பு கூடினதைச் சொல்ல ஆளில்லாத சாயங்காலங்களும் எல்லாம் சேர்ந்து கிளம்பினதில், கூடாரத்துத் துணி ஒருமுறை உப்பி அடங்கியது. நாய் அந்தக் குரைப்பைப் பூட்சைக் கவ்வுகிற மாதிரி வாயில் கவ்விக்கொண்டு, மணலைத் தாண்டி, துணியில் ஏறி, தோட்டத்தின் நடுவில் நின்று, தானே குரைத்தது. அதன் சொந்தக் குரல்போலவே இருந்தது. வாலிபன் திடுக்கிட்டான். பூட்ஸ் போனது. சவரிமுத்துவின் கை வேகமானது. நாய் சுற்றிச் சுற்றி ஓடிப் பெண்ணின் மடியில் அதைப் போட்டதும், கீற்றுத் தட்டிக்கு அப்பாலிருந்து வெண்கலச் சொம்பு படி படியாக உருண்டு இறங்கியது. பக்கிரிசாமி அதைக் கடைசிப் படி வரை கேட்டார்.

முடிவில் இங்கிலீஷ் எழுத்து வந்து நின்றது. எழுத்தைச் சொல்லச்சொல்லிக் கூட்டம் அவரைப் பார்த்தது. அவர் பிரம்பால் தொட்டுக் காட்டி, "செருப்பு கிடைத்துவிட்டது என்று எழுதியிருக்கிறது," என்றார்.

மறுநாள் பெட்டி ரயிலேறிப் போனது. ராசாயி மகளுக்குத் தை பிறப்பதற்குள் மாப்பிள்ளை அமைந்தது. செருப்புகள் அவரவர் வாசலில் கிடந்தன, ஆகவே தையல்நாயகியின் படிக்கு வர யாருக்கும் காரணம் இல்லாமல் போயிற்று. சிலர் காரணம் இல்லாமலே வந்தார்கள், பிறகு குறைந்தார்கள். ஆனால் அந்தத் தெருவழியே போன வெளியூர்க்காரர்கள் படியோரம் கிடந்த ஆம்பிளைச் செருப்பைப் பார்த்து, வீட்டில் ஆள் இருக்கிறது என்று குரலைத் தாழ்த்திக்கொண்டு போனார்கள். அவள் அதை எடுத்து உள்ளே வைக்கவில்லை. மழை நாளில் மட்டும் மேலே ஓர் ஓலையைக் கவிழ்த்துவைத்தாள். பக்கிரிசாமி அந்தப் படிக்கு மறுபடி போகவில்லை. போக நினைத்த நாள்களில் எல்லாம் போய் என்ன சொல்வது என்று தெரியாமல், மற்றவர்களுக்குப் பேசியே பழகின வாயோடு வீட்டில் இருந்துவிட்டார்.

பெட்டி போன அந்த வெள்ளிக்கிழமை சாயங்காலம், எண்ணெய் மிச்சம் இருந்ததால் பக்கிரிசாமி விளக்கேற்றினார். வெளிச்சம் தரையில் விழுந்து அப்படியே கிடந்தது. இந்நேரம் வேறோர் ஊரில் துணி கட்டியிருப்பார்கள், நாய் ஓடிவந்து நிற்கும், அங்கே விளக்கம் சொல்கிறவன் எப்பேர்ப்பட்டவனோ, குரைக்கிறானோ இல்லையோ. எழுந்து வாசலுக்கு வந்தார். ரயில் போன திசையைப் பார்த்து நின்று, இரண்டு கையையும் வாயோரம் குவித்துக்கொண்டு, ஒருமுறை குரைத்தார்.

பக்கத்து வீட்டுக்காரர்கள் எட்டிப் பார்த்துவிட்டு உள்ளே போனார்கள். அடுத்த நாளும் குரைத்தார், அதற்கடுத்த நாளும். கொஞ்ச நாளில் வேம்படித்துறையில் அதுவே பொழுது சாய்ந்ததற்கு அடையாளமாகிவிட்டது. அவர் குரைத்ததும் ஊரே கொஞ்சம் பேச்சை நிறுத்தும். வடக்குத் தெருவிலிருந்து வெண்கலச் சொம்பு ஒன்று மெல்லப் படியிறங்கும். அது கடைசிப் படியில் வந்து நின்ற பிறகுதான் பெண்கள் விளக்கேற்றத் தீக்குச்சியைக் கிழிப்பார்கள்.